பனிமலையில் ஒரு லுஹர்த் தொழுகை

பிக்ஹுப் பாடத்தில் ஓர் அத்தியாயம் உண்டு. உளூச் செய்யும்போது கால்களைக் கழுவுவதற்குப் பதிலாக, கணுக்காலை மூடும் தோலுறையின்மீது ஈரக்கையால் தடவிக்கொள்ளும் சலுகையை விளக்கும் அத்தியாயம் அது. ‘குஃப்பின் மீது மஸஹு செய்தல்’ என்று ஓதிக் கொடுப்போம். எங்கள் கடலோர ஊரின் பெண்கள் மதரஸாவில் இப்பாடத்தை இருபது ஆண்டுகளாக நடத்தி வருகிறேன்.

மார்கழியிலும் மின்விசிறி சுழலும் அவ்வகுப்பறையில், பல ஆண்டுகளுக்கு முன் ஒரு மாணவி எழுந்து நின்றாள். “உஸ்தாதா, செருப்பில்லாமல் முற்றத்தில் கால்வைக்க முடியாத ஊர் நம் ஊர். இங்கே தோலுறையை யார் அணியப் போகிறார்கள்? இதை எதற்காக மனனம் செய்ய வேண்டும்?” என்று கேட்டாள். “தேர்வில் கேட்பார்கள், அதற்காக!” என்றேன். மற்றப் பிள்ளைகள் சிரித்தனர். அவள் முகம் சுருங்கி அமர்ந்தாள்.

ஓதிக் கொடுக்கும் ஒருத்தி சொல்லத்தக்க மறுமொழி அதுவன்று என்பது அப்போதே எனக்குத் தெரியும். ஆனால் வேறு மறுமொழி என்னிடம் இல்லை. அதை அல்லாஹ் எனக்கு வைத்திருந்த இடம், ஊரிலிருந்து பல்லாயிரம் கல் தொலைவில், ஆளுயரப் பனி மூடிய ஒரு மலைச்சாரல்.

தங்கையின் அழைப்பு

2023ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில், அமெரிக்காவின் வடமேற்குக் கோடியிலுள்ள வாஷிங்டன் மாநிலத்தில், என் தங்கையின் இல்லத்தில் நானும் என் கணவரும் தங்கியிருந்தோம். சியாட்டில் மாநகரை அடுத்த பெல்வியூ என்னும் ஊரில் அவள் குடும்பம் வசிக்கிறது. கணினித் துறைப் பணிகளுக்காகச் சென்ற தமிழ்க் குடும்பங்கள் அவ்வட்டாரத்தில் நிறைய உண்டு.

அவர்கள் தொழச் செல்லும் பள்ளிவாசலின் பெண்கள் சிலர் கூடி, பனிமலையில் நடந்துவர ஒரு நாளைக் குறித்திருந்தனர். முன்பின் பழக்கம் இல்லாதவர்களுக்கென்றே ஏற்பாடான நடை அது. வழிகாட்டுபவரும் ஒரு பெண்மணியே. என்னையும் சேர்த்துக்கொள்ளத் தங்கை விரும்பினாள்.

முழங்கால் வலியைக் கூறினேன், வயதைக் கூறினேன், குளிரைக் கூறினேன். உண்மையான காரணத்தை மட்டும் கூறவில்லை. மேசைக்கு இப்பால் அமர்ந்து பிறருக்குச் சொல்லிக் கொடுத்தே பழகியவள் நான். ஒன்றும் தெரியாதவளாகப் பத்துப் பேர் நடுவே நின்று, தடுமாறி விழுந்து எழுவதை எண்ணவே கூச்சமாக இருந்தது.

தங்கை என் மனத்தைப் படித்துவிட்டாள். “லாத்தா, வருகிற எல்லாருமே முதல்முறை வருகிறவர்கள்தாம். ஆண்கள் யாரும் நம்மோடு நடக்கப் போவதில்லை. விழுந்தால் நாங்கள்தானே பார்ப்போம்? நாங்களும் விழத்தானே போகிறோம்!” என்றாள்.

போகவர நீண்ட பயணமாதலால் என் கணவரும் தங்கையின் கணவரும் வாகனத்தில் உடன் வருவதென்றும், பெண்கள் நடந்து திரும்பும்வரை அவர்கள் அங்குள்ள பார்வையாளர் மாளிகையில் காத்திருப்பதென்றும் முடிவாயிற்று. சம்மதித்தேன்.

பூட்ஸ் அணியும் முன்னர்

அன்று ஸுபுஹுத் தொழுகைக்கு உளூச் செய்தேன். தொழுது முடித்து, அந்த உளூ முறியும் முன்னரே கம்பளிக் காலுறையையும், தங்கை வாங்கி வைத்திருந்த பூட்ஸையும் அணிந்துகொண்டேன். கணுக்காலுக்கு மேல்வரை மூடுவதும், நீர் புகாததும், நெடுந்தொலைவு நடக்கத் தக்கதுமான பூட்ஸ் அது. குஃப்புக்கு நூல்களில் கூறப்படும் நிபந்தனைகளை ஒவ்வொன்றாக விரல்விட்டு எண்ணிப் பார்த்தேன். வகுப்பில் எத்தனையோ முறை ஒப்பித்த அந்நிபந்தனைகளை என் காலோடு பொருத்திப் பார்த்தது அதுவே முதல்முறை.

மற்ற ஆடைகளைப் பற்றியும் சொல்ல வேண்டும். வெளிநாடுகளில் மக்களையும் பேரப்பிள்ளைகளையும் வைத்திருக்கும் சகோதரிகளுக்கு இது பயன்படும். பருத்தி ஆடை பனிமலைக்கு உதவாது. வியர்வையையும் பனியீரத்தையும் உறிஞ்சி வைத்துக்கொண்டு அது உடலின் வெப்பத்தைக் குடித்துவிடும். உடலை ஒட்டிக் கம்பளியோ செயற்கை இழையோ ஆன மெல்லிய உடை, அதன்மேல் வெப்பம் காக்கும் தடித்த உடை, எல்லாவற்றுக்கும் மேலே காற்றும் நீரும் புகாத அங்கி என மூன்று அடுக்காக அணிய வேண்டும். நடக்கத் தொடங்கி உடல் சூடேறியதும் ஓர் அடுக்கைக் கழற்றிக்கொள்ளலாம்.

பாதம்வரை தொங்கும் அபாயாவின் ஓரம் பனிநடைக் காலணியில் சிக்கி ஆளைக் கவிழ்த்துவிடும். ஆகவே தொளதொளப்பான நீர்புகாக் கால்சட்டையும், முழங்காலுக்குக் கீழ்வரை வரும் அகன்ற மேலங்கியும், கழுத்தை மூடும் கம்பளி முக்காடும் அணிந்தோம். மார்க்கம் கேட்கும் மறைப்பும் மலை கேட்கும் பாதுகாப்பும் ஒன்றோடொன்று இணங்கியே இருந்தன.

மலையும் அதன் பெயரும்

நாங்கள் சென்ற மலைக்கு ரெய்னியர் என்று பெயர். உயரம் 14,410 அடி, அதாவது 4,392 மீட்டர். நம் தொட்டபெட்டா 2,637 மீட்டர்தான் என்பதை நினைவிற்கொண்டால் அதன் பருமன் விளங்கும். இருபதுக்கும் மேற்பட்ட பனியாறுகளைச் சுமந்து நிற்கும் அம்மலை ஓர் எரிமலையும்கூட. உள்ளே நெருப்பையும் வெளியே பனியையும் வைத்த வல்லவனின் ஆற்றலை என்னென்பது!

அவ்வட்டாரத்துப் பூர்வகுடிகள் அதைத் தஹோமா என்று அழைத்தனர். 1792இல் அக்கடலோரம் வந்த ஆங்கிலக் கப்பல் தலைவர் ஜார்ஜ் வான்கூவர், தம் நண்பரான பீட்டர் ரெய்னியரின் பெயரை அதற்குச் சூட்டினார். அந்த ரெய்னியர் அம்மலையைக் கண்டவரே அல்லர். அவர் நம் பக்கம் வந்தவர். கிழக்கிந்தியப் பகுதியின் ஆங்கிலக் கடற்படைக்குத் தலைமை ஏற்று, 1795இல் இலங்கையின் திருகோணமலையை ஒல்லாந்தரிடமிருந்து கைப்பற்றிய படையெடுப்பில் ஈடுபட்டவர். கல்லூரியில் வரலாறு பயின்ற எனக்கு, திருகோணமலையில் போரிட்ட ஒருவரின் பெயர் அந்தப் பனிமலைக்கு வாய்த்தது வியப்பளித்தது.

பெல்வியூவிலிருந்து ஏறத்தாழ 160 கிலோமீட்டர் தொலைவு. தேசியப் பூங்காவின் வாயிலைக் கடந்தபின், ஓங்கி வளர்ந்த ஊசியிலை மரங்களின் நடுவே பாதை ஏறுகிறது. நவம்பர் முதல் நாளிலிருந்து மே முதல் நாள்வரை அங்குச் செல்லும் ஒவ்வொரு வாகனமும், சக்கரங்களில் பூட்டுவதற்கான இரும்புச் சங்கிலியை உடன் வைத்திருக்க வேண்டுமென்பது சட்டம். லாங்மயர் என்னுமிடத்தில் உள்ள வாயிற்கதவை இரவில் பூட்டிவிடுகிறார்கள். ஆதலால் மாலைக்குள் இறங்கிவிட வேண்டும்.

பாதை முடியும் மேட்டுநிலத்தின் பெயரைக் கேட்டதும் வாகனத்திலிருந்த நாங்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். ‘பாரடைஸ்’. சுவனம் என்று பொருள். 1880களில் அங்குக் கோடைப் பூக்களைக் கண்டு மகிழ்ந்த லாங்மயர் குடும்பத்துப் பெண்மணி ஒருவரால் வந்த பெயர் என்கிறார்கள். மண்ணில் எந்த இடத்தையும் அப்பெயரால் அழைக்க நம் நாவு தயங்கும். ஆயினும் அழகைக் கண்டவுடன் மனித உள்ளம் எதை நாடுகிறது என்பதற்கு அப்பெயர் ஒரு சான்று.

அதன் உயரம் ஏறத்தாழ 5,400 அடி. உதகமண்டலம் அதைவிட உயரமானது. ஆயினும் உதகையில் உறைபனியோடு சரி, அங்கோ பனி ஆளை மூழ்கடிக்கும். நிலநடுக்கோட்டிலிருந்து மிகவும் வடக்கே தள்ளி இருப்பது ஒரு காரணம். பசிபிக் பெருங்கடலின் ஈரக்காற்று அம்மலையில் மோதி மேலெழுந்து குளிர்ந்து, சுமந்து வந்ததையெல்லாம் பனியாகக் கொட்டிவிடுவது மற்றொரு காரணம். 1971-72 பருவத்தில் பாரடைஸில் விழுந்த பனியைக் கூட்டினால் 1,122 அங்குலம், அதாவது 93 அடிக்கும் மேல். அன்று அதுவே உலகில் அளக்கப்பட்டவற்றுள் மிகுதியானது. 1998-99இல் அதே மாநிலத்தின் பேக்கர் மலை 1,140 அங்குலத்துடன் அதனை விஞ்சியது.

பார்வையாளர் மாளிகையின் கழிவறையில் உளூச் செய்தேன். முகத்தையும் கைகளையும் கழுவி, தலைக்கு மஸஹு செய்தபின், குனிந்து ஈரவிரல்களைப் பூட்ஸின் மேற்புறத்தில் விரலிலிருந்து கணுக்காலை நோக்கி இழுத்தேன். அவ்வளவுதான், முடிந்தது! கால்களைத் திறந்து அந்தத் தண்ணீரில் கழுவியிருந்தால் என்ன பாடுபட்டிருப்பேன் என்பதை, கைவிரல்கள் விறைத்த விறைப்பே சொன்னது.

தபூக் பயணத்தில் நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் உளூச் செய்தபோது, முகீரா (ரலி) அவர்கள் குனிந்து அவர்களின் தோலுறைகளைக் கழற்ற முற்பட்டதையும், தூய்மையான நிலையில் அணிந்தவை அவை, விட்டுவிடுங்கள் என்ற கருத்துப்பட அண்ணலார் தடுத்து, அவற்றின்மீது மஸஹு செய்ததையும் எத்தனை முறை ஓதிக் கொடுத்திருக்கிறேன்! அன்றுதான் அந்நிகழ்ச்சி ஒரு குளிர்ந்த பயணத்தின் நிகழ்ச்சியாக எனக்குப் புலப்பட்டது.

நடக்கக் கற்றோம்

நாங்கள் ஒன்பது பேர். நானும் தங்கையும் தமிழ்நாட்டவர். சோமாலிய நாட்டுத் தாயும் மகளும், மலேசியப் பெண் ஒருவர், பாகிஸ்தானைச் சேர்ந்த மூவர், போஸ்னிய நாட்டவர் ஒருவர் ஏனையோர். போஸ்னியச் சகோதரி பிள்ளைப் பருவத்திலேயே பனியில் விளையாடியவர். எனினும் பனிநடைக் காலணியை அவரும் அன்றுதான் அணிந்தார். சோமாலியத் தாய் என்னைவிடப் பத்து வயதேனும் மூத்தவர். அவரைக் கண்டதும் என் முழங்கால் வலி பாதி குறைந்தது.

வழிகாட்டிப் பெண்மணிக்கு ஐம்பதுக்கு மேல் வயதிருக்கும். முதலில் அவர் எங்களை நடக்கச் சொல்லவில்லை, கேட்கச் சொன்னார். ‘ஸ்னோஷூ’ எனப்படும் அக்காலணியைக் கையில் எடுத்து விளக்கினார். வட அமெரிக்காவின் பூர்வகுடிகள், வளைத்த மரச்சட்டத்தில் விலங்குத் தோல்வாரைப் பின்னிச் செய்து, தலைமுறை தலைமுறையாகப் பயன்படுத்திய கருவி அது. இன்று அலுமினியச் சட்டத்திலும் நெகிழியிலும் செய்கிறார்கள். அடியில் இரும்புப் பற்கள் இருக்கின்றன. நம் பூட்ஸின்மேல் வார்களால் இறுக்கிக் கட்டிக்கொள்ள வேண்டும். முன்பாதம் பிணைந்திருக்கும், குதிகால் தாராளமாக எழும்பும்.

அதன் சூட்சுமம் எளியது. பாதத்தின் பரப்பு நான்கைந்து மடங்காகப் பெருகுவதால் உடலின் பாரம் பரவி, கால் பனிக்குள் ஆழப் புதையாமல் நிற்கிறது. மணலில் புதையாமல் நடக்க ஒட்டகத்திற்கு அகன்ற பாதத்தை அல்லாஹ் அளித்திருப்பது போன்றதே இது.

சமதளத்தில் பழகினோம். ஒரு காலணி மற்றதன் ஓரத்தை மிதிக்காதபடி கால்களைச் சற்று அகற்றி வைத்து நடக்க வேண்டும். பின்னோக்கி நடக்கக் கூடாது, வால்பகுதி பனியில் குத்தி ஆளைச் சாய்த்துவிடும். திரும்ப வேண்டுமானால் சிறு சிறு அடிகளாக வட்டமடித்துத் திரும்ப வேண்டும். ஏறும்போது முன்பாதத்தை ஊன்றிப் பற்களைப் பதிய வைக்க வேண்டும். இறங்கும்போது முழங்காலைச் சற்றே மடக்கி, பாரத்தைக் குதிகாலில் தாங்க வேண்டும். இரு கைகளிலும் ஊன்றுகோல். தாகம் தெரியாவிட்டாலும் அடிக்கடி நீர் அருந்த வேண்டும். பனியில் பட்டுத் தெறிக்கும் வெயில் கண்ணைக் கெடுக்குமாதலால் கறுப்புக் கண்ணாடி தவறாமல் அணிய வேண்டும்.

இரண்டு எச்சரிக்கைகளை மும்முறை கூறினார். ஊசியிலை மரங்களின் அடிப்பகுதியை நெருங்கக் கூடாது. கிளைகள் பனியைத் தடுப்பதால் தண்டைச் சுற்றிப் பொலபொலப்பான பள்ளம் மறைந்திருக்கும். உள்ளே விழுந்தவர் தாமாக மேலேறுவது அரிது. மற்றொன்று, செங்குத்தான சரிவுகளுக்கு அருகே செல்லக் கூடாது. முப்பது பாகைக்கு மேற்பட்ட சரிவுகளில் பனி பெயர்ந்து சரியும் அபாயம் மிகுதி. அன்று காலையிலேயே பனிச்சரிவு முன்னறிவிப்பைப் பார்த்து, அத்தகைய சரிவுகளைத் தொடாத நிஸ்குவாலி விஸ்டா என்னும் சிறு வளையப் பாதையை அவர் தேர்ந்திருந்தார். மொத்தமே இரண்டு கிலோமீட்டர்தான்.

அம்மலையின் உச்சியை முதன்முதல் எட்டிய பெண்ணைப் பற்றியும் அவர் கூறினார். ஃபே ஃபுல்லர் என்பது பெயர். 1890 ஆகஸ்டு 10 அன்று உச்சியை அடைந்தபோது அவருக்கு வயது இருபது, தொழில் பள்ளி ஆசிரியை. நீண்ட பாவாடையோடு மலையேற இயலாதென்று தடித்த துணியில் தொளதொளப்பான கால்சட்டை உடையை அவர் அணிந்ததை அக்காலத்தார் நாணமற்ற செயலென்று ஏசினார்களாம். ஆசிரியை என்ற சொல் காதில் விழுந்ததும் என் தங்கை என்னைத் திரும்பிப் பார்த்துச் சிரித்தாள்.

ஓரடி பிசகியது

நடக்கத் தொடங்கிக் கால்மணி நேரத்திற்குள் அச்சம் அகன்றுவிட்டது. ஓசையே இல்லை. எங்கள் காலடியில் பனி நொறுங்கும் ஒலியும் மூச்சொலியும்தாம். கிளைகளெல்லாம் வெண்மை சுமந்து தாழ்ந்திருந்தன. “ஸுப்ஹானல்லாஹ்” என்று சோமாலியத் தாய் மெல்லச் சொல்லிக்கொண்டே நடந்தார்.

அச்சம் அகன்ற இடத்தில் அசட்டை நுழைந்தது. என் வலக்கால் வார் தளர்ந்திருந்தது. வழிகாட்டியை அழைத்திருக்கலாம். இதற்குப் போய் ஏன் என்று, வரிசையிலிருந்து விலகி நின்று நானே அதைக் கழற்றினேன். நன்றாகக் கட்ட வேண்டுமென்று வெறும் பூட்ஸோடு காலைக் கீழே ஊன்றினேன். அடுத்த நொடி தொடைவரை பனிக்குள் போய்விட்டேன். மறுகால் மேலே, ஒருகால் கீழே. எழ முயன்று கையை ஊன்றினால் கை முழங்கைவரை புதைந்தது.

எது நடக்கக் கூடாதென்று அஞ்சி வர மறுத்தேனோ அதுவே நடந்தது. ஆனால் எவரும் நகைக்கவில்லை. வழிகாட்டி வந்து, “இழுக்காதீர்கள், முதலில் கோல்கள் இரண்டையும் குறுக்காகப் பனியின்மேல் வைத்து அதில் கையை ஊன்றுங்கள்” என்றார். போஸ்னியச் சகோதரி மண்டியிட்டு என் பூட்ஸைச் சுற்றிய பனியைக் கையால் வாரினார். சோமாலியத் தாய் தம் தோளைக் கொடுத்தார். மேலே வந்தேன்.

“நாம் எத்தனை ஆழத்தின்மேல் நடந்துகொண்டிருக்கிறோம் என்பதை எல்லாருக்கும் காட்டினீர்கள், நன்றி” என்றார் வழிகாட்டி. கேலியாகவன்று, உண்மையாகவே. அதன்பின் ஒவ்வொருவரின் வாரையும் அவரே குனிந்து சரிபார்த்தார். இருபது ஆண்டு ஆசிரியைக்கு அவ்விடத்தில் ஒரு பாடம் கிடைத்தது. பிழை செய்தவளை அவர் நடத்திய விதத்தையும், கேள்வி கேட்டவளை நான் நடத்திய விதத்தையும் என் மனம் தானாகவே பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தது.

பனியின்மேல் ஸுஜூது

நிஸ்குவாலிப் பனியாற்றைக் காணும் மேட்டை அடைந்தபோது லுஹர் நேரம் நுழைந்திருந்தது. மேகம் கவிந்திருந்ததால் மலையுச்சி தெரியவில்லை. “நாங்கள் இங்கே தொழ விரும்புகிறோம்” என்றாள் தங்கை. “உங்கள் தொழுகைக்கு என்ன வேண்டும்?” என்று வழிகாட்டி கேட்டார்.

அப்போது எனக்கு மற்றொரு பாடம் நினைவுக்கு வந்தது. ஸுஜூதில் தலையின் பாரம் இறங்கி நெற்றி உறுதியாகத் தங்க வேண்டும். பஞ்சு, வைக்கோல், பனி ஆகியவற்றின்மேல் ஸுஜூது செய்வதைப் பற்றிப் பேசும்போது, நெற்றி நிலைகொள்ளும்படி அவை அமுங்கி இறுகியிருக்க வேண்டுமென்று பிக்ஹு நூல்கள் விளக்குகின்றன. பஞ்சையும் வைக்கோலையும் பிள்ளைகளுக்கு விளக்கிவிட்டு, பனி என்ற சொல்லை வேகமாகக் கடந்துபோவது என் வழக்கம். “நெற்றி அமிழாத உறுதியான தரை வேண்டும்” என்றேன்.

“அது எளிது” என்றார் அவர். காலணிகளோடு பக்கவாட்டில் அடியடியாக மிதித்து ஒரு சதுரத்தை அமுக்கிக் காட்டினார். நாங்களும் சேர்ந்து மிதித்தோம். “இப்போது நிற்காதீர்கள். கால்மணி நேரம் விட்டுவிடுங்கள். மிதிபட்ட பனித்துகள்கள் ஒன்றோடொன்று ஒட்டி இறுகிவிடும்” என்றார். தேநீர் அருந்தி, பேரீச்சம்பழம் உண்டு காத்திருந்தோம். பின்னர் கையை வைத்து அழுத்திப் பார்த்தேன். தரைபோல் இறுகியிருந்தது! நம் இமாம்கள் நூலில் எழுதி வைத்ததையும், அப்பெண்மணி மலையில் பழகி அறிந்ததையும் ஒரே இடத்தில் என் உள்ளங்கை தொட்டது.

நம் ஊரில் கிப்லா மேற்கே. அங்கோ வடக்கிலிருந்து சற்றே கிழக்கில். உலகம் உருண்டை என்பதால் அங்கிருந்து மக்காவுக்கு மிகக் குறுகிய வழி வடதுருவத்தின் பக்கமாகச் செல்கிறது. நீர்புகா விரிப்பை விரித்து, அதன்மேல் தொழுகை விரிப்பை இட்டோம். பனிநடைக் காலணிகளைக் கழற்றினோம். பூட்ஸைக் கழற்றவில்லை.

சோமாலியரும் மலேசியரும் நம்மைப் போல் ஷாஃபிஈ மத்ஹபினர். ஆகவே நாங்கள் ஐவரும் ஜமாஅத்தாக நின்றோம். என்னைத் தொழவைக்கச் சொன்னதால் வரிசையின் நடுவில் நின்றேன். பயணிகளாதலால் லுஹரையும் அஸரையும் இரண்டிரண்டு ரக்அத்துகளாகச் சுருக்கிச் சேர்த்துத் தொழுதோம். ஹனஃபி மத்ஹபைச் சேர்ந்த பாகிஸ்தானியச் சகோதரிகளும் போஸ்னியச் சகோதரியும் லுஹரை மட்டும் தனித்தனியே தொழுதனர். வழிகாட்டி சற்று அப்பால் சென்று, எங்களுக்கு முதுகைக் காட்டி, மேகத்தின் போக்கைக் கவனித்தபடி நின்றார்.

இரண்டாம் தொழுகைக்காக எழுந்து நின்றபோது திடீரென்று வெளிச்சம் பெருகியது. மேகம் விலகியிருந்தது. கிப்லாவுக்குச் சற்று இடப்புறமாக, அத்தனை அருகில், அந்த மலை முழுதும் எழுந்து நிற்பதைக் கண்ணின் ஓரம் உணர்ந்தது. பார்க்க வேண்டுமென்று உள்ளம் துடித்தது. நான் பார்வையை ஸுஜூது செய்யும் இடத்திலேயே நிறுத்திக்கொண்டேன். அது எளிதாக இருந்ததென்று சொன்னால் பொய்யாகும். மலையைப் படைத்தவன் முன் நிற்கும்போது மலையைப் பார்க்க என்ன அவசரம் என்று நெஞ்சுக்குச் சொன்னேன். நெற்றியை வைத்தேன். பனி தாங்கிக்கொண்டது.

ஸலாம் கொடுத்து நிமிர்ந்தபோது உச்சி மீண்டும் பாதி மூடியிருந்தது. மீதிப் பாதியே எங்கள் கண்கள் கொள்ளாத அளவுக்கு இருந்தது.

கீழிருந்து மேகம் திரண்டு வருவதைக் கண்ட வழிகாட்டி, உடனே திரும்ப வேண்டுமென்றார். சற்று நேரத்தில் முன்னே செல்பவரின் முதுகு மட்டுமே தெரியும் அளவுக்கு மூடிவிட்டது. நூறு அடிக்கு ஒருமுறை நின்று எங்களை எண்ணினார். நான் என் வாரைத் தொடவே இல்லை. மாளிகையின் விளக்கொளியில் என் கணவர் வாசலிலேயே நின்றிருப்பதைக் கண்டபோது, அவர் நெடுநேரமாக அங்கேயே நிற்கிறார் என்பது தெரிந்தது. “விழுந்தாயா?” என்று கேட்டார். “விழுந்தேன், அல்ஹம்துலில்லாஹ்” என்றேன்.

ஊர் திரும்பிய பின்

அன்புச் சகோதரிகளே! இறைவன் தன் அடியார்களுக்குச் சிரமத்தை அன்று, எளிமையையே நாடுகிறான் என்பதை நாம் எல்லாரும் ஓதியிருக்கிறோம். அந்த எளிமைக்கும் ஓர் ஒழுங்கு உண்டு. உளூவோடு அணிந்தால்தான் குஃப்பு நமக்குச் சலுகை. கால் வைக்கும் முன் கட்டினால்தான் ஸ்னோஷூ நமக்குத் துணை. முன்கூட்டியே அறிந்து, உரிய நேரத்தில் அணிந்துகொண்டவருக்கே தேவைப்படும் இடத்தில் அந்த எளிமை கிடைக்கிறது. பனியே இல்லாத ஊரில் பனியின் சட்டத்தை ஏன் கற்க வேண்டும் என்ற கேள்விக்கு நான் கண்ட மறுமொழி இதுதான். அடுத்து எந்த நாட்டில், எந்தத் தரையில் நம் நெற்றியை வைக்கப் போகிறோம் என்பதை நம்மில் யார் அறிவார்?

அந்தப் பூட்ஸை ஊருக்குக் கொண்டுவந்தேன். மஸஹுப் பாடம் வரும் நாளில் அது என் மேசைமீது இருக்கும். பிள்ளைகள் அதைத் தொட்டுப் பார்க்கிறார்கள், அணிந்து பார்க்கிறார்கள். கேள்விகளும் கேட்கிறார்கள்.

அன்று கேள்வி கேட்ட மாணவி இப்போது இரு குழந்தைகளுக்குத் தாய். சென்ற பெருநாளன்று பிள்ளைகளோடு என்னைக் காண வந்தாள். நடந்ததையெல்லாம் கூறி, “அன்று உனக்குச் சரியான பதிலைச் சொல்லவில்லை, மன்னித்துக்கொள்” என்றேன். அவளுக்கு அந்த நிகழ்ச்சி நினைவிலேயே இல்லை. ஆனால் சற்று யோசித்துவிட்டு, குஃப்பின் நிபந்தனைகளை ஒன்றுவிடாமல் அரபியில் ஒப்பித்தாள். ஊரில் தங்கியிருப்பவருக்கு ஒரு பகல் ஓர் இரவு, பயணிக்கு மூன்று பகல் மூன்று இரவு என்பதுவரை.

“மறக்கவே இல்லை, உஸ்தாதா” என்றாள். அவளுடைய சிறுமகள் அந்தப் பூட்ஸுக்குள் இரண்டு கால்களையும் ஒன்றாக விட்டுக்கொண்டு நடுக்கூடத்தில் நின்றுகொண்டிருந்தாள்.